நாற்பதில் ஒரு நாள்

நடந்ததை முதலில் வரிசையாகச் சொல்லிவிடுகிறேன்.

1. எங்களுக்கும் பெரியப்பா வீட்டுக்கும் ஒரே கிணறு. எட்டு நாளைக்கு ஒரு சுற்று. அதில் மூன்று நாள் தண்ணீர் எங்கள் காட்டுக்கு, ஐந்து நாள் அவர்கள் காட்டுக்கு. தாத்தா காலத்திலிருந்து இதுதான் முறை.
2. ஒரு கோடையில் அவர்கள் சின்ன வெங்காயம் நட்டார்கள். இடையில் மூன்று நாள் தண்ணீரில்லாமல் வெங்காயம் காத்திருக்காது. அதனால் இனி ஐந்து நாளைக்கு ஒரு சுற்று, உங்களுக்கு இரண்டு நாள், எங்களுக்கு மூன்று என்றார்கள்.
3. மூன்று நாளை இரண்டாக்குகிறார்கள் என்று அப்பா அவர்களோடு பேச்சை நிறுத்தினார்.
4. நாங்கள் ஐந்தை மூன்றாக்கிக்கொள்கிறோம், இவனுக்கு ஒன்றை விட மனமில்லையா என்று அவர்களும் பேச்சை நிறுத்தினார்கள்.
5. அப்பா திருச்செங்கோட்டுக்குப் போய், எங்கள் காட்டில் தனியாக ஆழ்துளைப் போர் போட ரிக் லாரிக்குச் சொல்லிவிட்டு வந்தார். நான் பன்னிரண்டாம் வகுப்பு முடித்திருந்தேன். என் கல்லூரிக்கென்று எடுத்து வைத்திருந்த பணம் லாரிக்குப் போவதாக முடிவானது.
6. பெரியம்மா எங்கள் களத்தில் வந்து உட்கார்ந்து, காய்ந்துகொண்டிருந்த நிலக்கடலையைப் பொறுக்கினார்.
7. ரிக் லாரி வரவில்லை.

ஆறாவதற்கும் ஏழாவதற்கும் என்ன தொடர்பு என்பதைச் சொல்ல வேண்டுமென்றால் பெரியம்மாவைச் சொல்ல வேண்டும்.

பெரியம்மா என்பவர் அப்பாவின் பெரியப்பா மகனுக்கு மனைவி. உயரமானவர். காட்டு வேலைக்கு வரும்போது பெரியப்பாவின் பழைய முழுக்கைச் சட்டையைச் சேலைக்கு மேல் போட்டுக்கொள்வார். டிவிஎஸ் வண்டியின் முன்பக்கம் தீவனக் கட்டையோ பால் கேனையோ வைத்துக்கொண்டு வருவார். வண்டியை நிறுத்தினாலும் இறங்க மாட்டார். ஒரு காலைத் தரையில் ஊன்றிக்கொண்டே அரை மணி நேரம் பேசுவார். குரலில் அளவு கிடையாது. சமையலில் உப்பும் அப்படித்தான். அவர் வைத்த ரசத்தைக் குடித்துவிட்டு ஒன்றும் சொல்லாமல் எழுந்து போகும் திறமை எங்கள் பெரியப்பாவுக்கு மட்டும் உண்டு.

அவரிடம் யார் என்ன சேதி சொன்னாலும் அவர் கேட்கும் கேள்வி ஒன்றுதான்.

"எத்தனைல?"

"கேட்டீங்களா, மேட்டுக்காட்டுக்காரர் ஊட்ல மூணு மாடு சினை புடிக்கலியாம்."

"எத்தனைல?"

"அந்த மாப்பிள்ளைப் பையன் ரெண்டு பாடத்துல பெயிலாமா."

"எத்தனைல?"

"கண்ணாலத்துல நாப்பது பேரு சாப்புடாமயே போயிட்டாங்களாம்க்கா, சோறு பத்தாம."

"எத்தனை பேருக்கு வடிச்சாங்க?"

சேதி சொல்ல வந்தவர்களுக்கு இது பெரிய தொல்லை. சேதியின் ருசியே அந்த ஒற்றை எண்ணில்தான் இருக்கிறது. அதன் அடியில் இன்னொரு எண்ணைக் கொண்டுவந்து வைத்தால் பாதிச் சேதி புஸ்ஸென்று இறங்கிவிடும். "அதுகிட்டப் போய் எதையாச்சும் சொல்ல முடியுதா? கீழ ஒரு நெம்பரைக் கேட்டு உசுரை வாங்கும்" என்று பால் சொசைட்டியில் பேசிக்கொள்வார்கள். அவர் காதில் விழுந்தாலும் கவலைப்பட்டதில்லை. "மேல இருக்கறதை மட்டும் சொல்லிட்டுப் போறவன் பாதி பொய் சொல்றான் சாமி" என்று என்னிடம் சொன்னார். பெரியவர்கள், பிள்ளைகள், கன்றுக்குட்டி எல்லாமே அவருக்குச் சாமிதான்.

அவர் பிறந்தது காட்டில் இல்லை. சேலம் சூரமங்கலத்தில், ரயில்வே குடியிருப்பில். கணக்கில் பட்டம் வாங்கிய கையோடு கல்யாணமாகி வந்தவர். வந்த புதிதில் "ஊடு" என்னாமல் "வீடு" என்று சொன்னதற்கு இங்கே சிரித்தார்களாம். அதற்குப் பழிவாங்குவதுபோல எங்கள் பேச்சை எங்களைவிட நன்றாகப் பேசக் கற்றுக்கொண்டார். பிறகு சூரமங்கலம் போனபோது "ஊட்டுக்குப் போலாமுங்க" என்று சொல்லி, அங்கே தங்கைகள் சிரித்தார்களாம். "ரெண்டு பக்கமும் சிரிச்சாங்க. சமம்" என்பார்.

நான் பத்தாம் வகுப்பில் இருந்தபோது ஒரு மாலை. அப்பா என் கணக்குத் தேர்வுத் தாளைப் பார்த்துவிட்டுக் கத்திக்கொண்டிருந்தார். சித்தப்பா மகனும் நானும் ஒரே வயது, வேறு வேறு பள்ளி. சித்தப்பா என்றால் பெரியப்பாவின் தம்பி, பெரியம்மாவுக்குக் கொழுந்தனார். அண்ணன் தம்பி இருவரும் ஒரே வீட்டில் இருந்தார்கள்.

"அவன் பதினேழு வாங்கியிருக்கறான். நீ பதினாலு. மூணு மார்க்கு எங்க போச்சு?"

வாசலில் வண்டி நின்றது. கால் ஊன்றியது.

"தம்பி, பதினேழு எத்தனைல?"

"இருபத்தஞ்சுலங்க அண்ணி."

"இவளோடது?"

அப்பா தாளைத் திருப்பிப் பார்த்தார். "இருபதுல."

"ரெண்டையும் நூறாக்குங்க. அவனுக்கு அறுபத்தெட்டு, இவளுக்கு எழுபது."

நான் தலையை நிமிர்த்தினேன். அதற்குள் பெரியம்மா என் பக்கம் திரும்பிவிட்டார்.

"நீ எதுக்கு மொகத்தைத் தூக்கற? ரெண்டு பேருமே படிக்கலைன்னு அர்த்தம். போய்ப் படி."

அவர் யாருக்காகவும் கணக்கைச் சாய்த்ததில்லை. ஆறுதல் சொல்வதற்காக வந்தவர் அல்ல என்பது எனக்கு அன்றைக்கே தெரிந்தது. ஆனால் அப்பா அதற்குப் பிறகு இரண்டு பேர் மதிப்பெண்ணை ஒப்பிடும்போதெல்லாம் தாளின் மூலையில் இருக்கும் மொத்த மதிப்பெண்ணைப் பார்த்துவிட்டுத்தான் வாயைத் திறந்தார்.

அவருடைய கேள்வியால் எனக்குச் சங்கடமான நாளும் உண்டு. ஒரு வெயில் காலத்தில் ஊரில் ஒரே வாரத்தில் மூன்று இழப்புகள். பெரிய கோழிப்பண்ணையில் வெக்கை தாங்காமல் முந்நூறு கோழி செத்தது. கிழக்குத் தெருவில் ஒரு வீட்டில் இரண்டு கன்று செத்தது. வாய்க்காலுக்கு அந்தப் பக்கம் தனியாக இருந்த ஒரு பெண்ணின் சினையாடு பால் வண்டியில் அடிபட்டுச் செத்தது.

ஊர் முழுக்கப் பண்ணைக்காரர் வீட்டுக்குத்தான் போய் வந்தது. முந்நூறு என்பது அப்படிப்பட்ட எண். அம்மாவும் நானும் கன்று செத்த வீட்டுக்குப் போனோம். பெரியம்மாவும் வந்தார். அந்த வீட்டு அக்கா அழுதுகொண்டே, "ரெண்டும் போச்சுங்க, ரெண்டும் போச்சுங்க" என்றார். பெரியம்மா அவர் கையைப் பிடித்துக்கொண்டு, "எத்தனைல சாமி?" என்று கேட்டார்.

அழுகை நின்றுவிட்டது. அந்த அக்கா நிமிர்ந்து பார்த்த பார்வை எனக்கு இன்னும் நினைவிருக்கிறது. அம்மா பெரியம்மாவின் இடுப்பில் கிள்ளினார்.

"நாலுலங்க" என்றார் அந்த அக்கா.

"அப்ப பாதி போயிருச்சு" என்றார் பெரியம்மா. அவர் சொன்ன விதத்தில், "ரெண்டு" என்று ஊர் சொன்னதைவிட அது பெரிதாக இருந்தது. அந்த அக்கா மறுபடி அழ ஆரம்பித்தார். இந்த முறை பெரியம்மாவின் தோளில்.

திரும்பும் வழியில் அம்மா திட்டினார். "ஏனுங்கக்கா, எழவு ஊட்டுலயும் கணக்குக் கேப்பீங்களா?"

"கேக்காம எப்புடித் தெரியும், யாருக்கு எத்தனை போச்சுன்னு? பண்ணைக்காரருக்கு முந்நூறு போச்சு. எத்தனைல? இருபதாயிரத்துல. அவரு நாளைக்கே குஞ்சு எறக்கிருவாரு. இவளுக்கு நாலுல ரெண்டு. வாய்க்காலுக்கு அக்கட்டால இருக்கறவளுக்கு என்ன போச்சு?"

"ஒரு ஆடு."

"ஒண்ணுல ஒண்ணு" என்றார் பெரியம்மா. "அங்க யாரும் போகல பாரு. மொதல்ல நான் அங்க போயிட்டுத்தான் இங்க வந்தேன்."

பிறகுதான் தெரிந்தது, அன்று காலையிலேயே தன் பட்டியிலிருந்து ஒரு பொட்டைக்குட்டியை டிவிஎஸ்ஸில் முன்னால் வைத்து அந்தப் பெண்ணிடம் கொண்டுபோய் விட்டிருக்கிறார். ஊர் போட்ட வரிசை முந்நூறு, இரண்டு, ஒன்று. அவர் போட்ட வரிசை நேர் தலைகீழ். நான் எதையும் வரிசைப்படுத்திப் பார்க்கும் ஆள். எந்த வரிசையையும் நம்புவதற்கு முன்னால் ஒரு நிமிடம் நிற்கும் பழக்கம் அந்த வாரத்திலிருந்துதான் வந்தது.

இனி கிணறு.

பேச்சு நின்ற பிறகு இரண்டு வீட்டு ஆண்களும் வரப்பில் எதிரெதிரே வந்தால் ஒருவர் வானத்தைப் பார்ப்பார், ஒருவர் செருப்பைப் பார்ப்பார். பெண்கள் பால் சொசைட்டியில் வழக்கம்போலப் பேசிக்கொண்டார்கள். ஒருநாள் அப்பா சாப்பிட்டுக்கொண்டே, "பக்கத்தூர்ல மூணு போர்ல தண்ணி வந்திருச்சாம். நமக்கும் வந்துரும்" என்றார்.

"எத்தனைலங்க?" என்றார் அம்மா.

அப்பாவின் கை தட்டில் நின்றது. "அந்தம்மா பேச்சை இந்த ஊட்டுல பேசாத."

எத்தனையில் மூன்று என்பது அப்பாவுக்குத் தெரியும். அதனால்தான் கோபம். ஆனாலும் லாரிக்குச் சொன்னது சொன்னதுதான். எனக்குக் கல்லூரி அடுத்த வருடம் பார்த்துக்கொள்ளலாம் என்றார். அடுத்த வருடம் என்று எங்கள் பக்கத்தில் பெண்பிள்ளைகளுக்குச் சொன்னால், அந்த வருடத்துக்குள் ஒரு மாப்பிள்ளை வந்துவிடுவார் என்று பொருள். நான் விண்ணப்பத்துக்கான சான்றிதழ்களை மட்டும் வரிசையாக அடுக்கி, ஒரு பிளாஸ்டிக் உறையில் போட்டுத் தயாராக வைத்திருந்தேன்.

லாரி வருவதற்கு முந்தைய வாரம் கிணற்றுக் குழாயின் அடியில் இருக்கும் புட்வால்வு பழுதாகி, மோட்டார் ஓடியும் தண்ணீர் ஏறவில்லை. குழாயை மேலே இழுக்க இரண்டு வீட்டு ஆட்களும் வேண்டும். வேறு வழியில்லை. அப்பாவும் பெரியப்பாவும் சித்தப்பாவும் ஒரே கயிற்றைப் பிடித்துக்கொண்டு, ஒருவரோடு ஒருவர் பேசாமல் நின்றார்கள். கிணற்றை ஒட்டித்தான் எங்கள் களம். அங்கே கட்டிலில் உட்கார்ந்து கடலை தின்றுகொண்டிருந்தார் ஊரில் எல்லோரும் மாமா என்று கூப்பிடும் ஒரு பெரியவர். எல்லாப் பேச்சும் அவர் வழியாகத்தான் போய் வந்தது.

"மாமா, கயித்தை இக்கட்டால இழுக்கச் சொல்லுங்க" என்றார் அப்பா.

பக்கத்தில் நின்ற சித்தப்பா, "மாமா, அக்கட்டால புடிச்சாத்தான் வரும்னு சொல்லுங்க" என்றார்.

"ஏன்டா, ரெண்டு பேருக்கும் காது நல்லாத்தான இருக்குது? என்னைய எதுக்குடா தபால்பொட்டி ஆக்கறீங்க?" என்று மாமா இன்னொரு கடலையை உடைத்தார்.

வால்வை மாற்றி, குழாயை இறக்கி, தண்ணீர் ஏறிய பிறகு எல்லோரும் களத்தில் உட்கார்ந்தார்கள். அம்மா எங்கள் வீட்டிலிருந்து ஒரு போசிப் பாத்திரம் நிறைய டீ கொண்டுவந்தார். பெரியம்மா அவர்கள் வீட்டிலிருந்து ஒரு போசி டீ கொண்டுவந்தார். இரண்டு போசியும் பக்கத்தில் பக்கத்தில் இருந்தன. யார் யாரிடமிருந்து குடிப்பது என்று ஆண்கள் திணறிக்கொண்டிருந்தபோது, பெரியம்மா வண்டியை விட்டு இறங்கி, கடலைக்குப் பக்கத்தில் சம்மணமிட்டு உட்கார்ந்தார். அவர் எங்கள் களத்தில் உட்கார்ந்து நான் பார்த்தது அதுதான் முதல் தடவை.

"தம்பி, மொறை மாறுனா உங்களுக்கு என்ன போகுது?"

அப்பா மாமாவைப் பார்த்துச் சொன்னார். "மூணு நாளு ரெண்டு நாளாகுது. இதுகூடவா தெரியாது?"

"எத்தனைல மூணு?"

"எட்டுல."

"எத்தனைல ரெண்டு?"

"அஞ்சுலங்க அக்கா" என்றார் அம்மா.

"எட்டும் அஞ்சும் ஒண்ணுங்களா? சுத்தே வேற வேற. அதுல மூணு பெருசு ரெண்டு சிறுசுன்னு எப்புடிச் சொல்றீங்க? சரி, கொழுந்தனாரே, நீங்க சொல்லுங்க. உங்களுக்கு என்ன போகுது?"

"நாங்க அஞ்சை மூணாக்கறோம். ரெண்டு நாளை உட்டுக்குடுக்கறோம்" என்றார் சித்தப்பா, எல்லோருக்கும் கேட்கும்படி.

"அவருக்கும் கொறையுது, உங்களுக்கும் கொறையுது. அப்ப கொறைஞ்ச தண்ணியை யாரு குடிக்கறா? மாமாவா?"

மாமா சிரித்ததில் கடலைத் தோல் பறந்தது.

"அண்ணி, கணக்கெல்லாம் நம்ம ஊட்ல வெச்சுப் பேசிக்கலாம்" என்று சித்தப்பா எழுந்தார்.

"நம்ம ஊட்ல நானும் அன்னையிலிருந்து சொல்லிட்டுத்தான் இருக்கறேன். டிவி சத்தத்துல யாருக்குக் கேட்டுச்சு? உக்காருங்க." பிறகு என்னைப் பார்த்தார். "சாமி, எட்டு நாள் சுத்தும் அஞ்சு நாள் சுத்தும் ஒரே நாள்ல ஆரம்பிச்சா, ரெண்டும் ஒண்ணா எப்ப முடியும்?"

"நாப்பதாவது நாள்" என்றேன்.

"அதுவரைக்கும் போய்ப் பார்த்துட்டு வந்து சண்டை போடுங்க."

கடலைகளை எடுத்து இரண்டு வரிசை வைத்தார், ஒவ்வொன்றிலும் நாற்பது. கடலை ஒன்று என்றால் நாள் ஒன்று. முதல் வரிசையை எட்டெட்டாகப் பிரித்தார். ஐந்து கும்பல் வந்தது. ஒவ்வொன்றிலிருந்தும் மூன்று கடலையை அப்பா பக்கம் தள்ளினார். இரண்டாவது வரிசையை ஐந்தைந்தாகப் பிரித்தார், எட்டுக் கும்பல். ஒவ்வொன்றிலிருந்தும் இரண்டு கடலையை அப்பா பக்கம் தள்ளினார்.

"எண்ணுங்க தம்பி."

அப்பா குனிந்து விரலால் தொட்டுத் தொட்டு எண்ணினார். பழைய முறையில் பதினைந்து. புது முறையில் பதினைந்து.

"ரெண்டும் ஒண்ணுதான வருது? அப்பறம் எதுக்கு மாத்தோணும்?" என்றார் அப்பா.

பெரியம்மாவின் முகம் மாறியது. அவர் கணக்கில் தடுமாறி நான் பார்த்ததில்லை. உதடு அசைய மறுபடி எண்ணினார். பதினைந்துதான். சித்தப்பா சிரிக்க ஆரம்பித்தார். எட்டு இரண்டு பதினாறு அல்லவா என்று மனதுக்குள் திரும்பத் திரும்பச் சொல்லிக்கொண்டிருந்தேன்.

"அக்கா, மாமா வாயைப் பாருங்க" என்றார் அம்மா.

மாமாவின் தாடை நின்றது.

"ஏனுங்க மாமா!" பெரியம்மா போட்ட சத்தத்தில் களத்தின் ஓரத்தில் மேய்ந்த கோழி ஓடியது. "பதினாறாவது நாளைத் தின்னுபோட்டீங்களே!"

"அதுமேல நாளுன்னு எழுதியா வெச்சிருந்துச்சு? கடலைன்னு நெனச்சேன்."

அம்மா முந்தானையால் வாயைப் பொத்திக்கொண்டார். பெரியம்மா குவியலிலிருந்து இன்னொரு கடலையை எடுத்து அந்த இடத்தில் வைத்துவிட்டு, கட்டிலைச் சிறிது தள்ளிப் போட்டுக்கொள்ளும்படி மாமாவிடம் சொன்னார். அப்பா மறுபடி எண்ணினார். பதினாறு. ஒருமுறை, இரண்டு முறை எண்ணினார்.

"அப்ப எனக்குக் கொறையலியா?"

"ஒரு நாள் கூட வருது தம்பி. நாப்பதுல ஒரு நாள்."

சித்தப்பா அதற்குள் தன் பக்கத்துக் கடலைகளை எண்ணிவிட்டார். பழைய முறையில் இருபத்தைந்து, புது முறையில் இருபத்துநாலு. "அப்ப நமக்குத்தான் போகுது! இது வேண்டாம். பழைய மொறையே இருக்கட்டும்."

"அதெப்புடி? நீங்கதான மாத்தோணும்னு வந்தீங்க? சொன்னது சொன்னதுதான்" என்றார் அப்பா. மாமாவை மறந்து நேராகவே சொன்னார். "மாத்தலைன்னா நான் போர் போடறேன்."

ஒரு நிமிடத்துக்கு முன்பு வரை மாற்றக் கூடாது என்றவர் அப்பா. மாற்றியே தீர வேண்டும் என்றவர் சித்தப்பா. இருவரும் இடம் மாறி நின்று அதே சண்டையைத் தொடர்ந்தார்கள். ரிக் லாரியே வந்து களத்தில் நின்றதுபோல இருந்தது எனக்கு. கணக்கு சரியாக வந்தும் ஒன்றும் ஆகவில்லையே என்று பெரியம்மாவைப் பார்த்தேன்.

அவர் எழுந்து, சேலையில் ஒட்டிய மண்ணைத் தட்டினார்.

"ஏனுங்க கொழுந்தனாரே, நேத்து வரைக்கும் ஊரெல்லாம் என்ன சொன்னீங்க? சுத்துக்கு ரெண்டு நாள் உட்டுக்குடுக்கறேன், அவனுக்கு மனசில்லைன்னு சொன்னீங்க. சுத்துக்கு ரெண்டு நாளை உடற மகராசனுக்கு நாப்பது நாளைக்கு ஒரு நாளை உட முடியலியா? உங்க வெங்காயத்துக்கு இனி ரெண்டே நாள் எடைவெளி. அது கண்ணுக்குத் தெரியலியா?"

சித்தப்பா அவருக்குப் பதில் சொல்லாமல் அண்ணனிடம் போனார். "அண்ணா, நீங்களே சொல்லுங்க. நமக்கு ஒரு நாள் போகுது. ஒரு முழு நாளுங்ணா."

பெரியப்பா அதுவரை வாயைத் திறக்கவில்லை. கையில் ஒட்டிய கிரீஸைத் துணியில் துடைத்துக்கொண்டிருந்தார். துடைத்து முடித்துவிட்டு, தம்பியை நிமிர்ந்து பார்த்து, மெதுவாகக் கேட்டார்.

"எத்தனைல?"

முதலில் சிரித்தது மாமா. பிறகு அம்மா. பிறகு, அடக்க முடியாமல், அப்பா. சித்தப்பாவும் கொஞ்ச நேரம் முறைத்துப் பார்த்துவிட்டுச் சிரித்துவிட்டார். பெரியம்மா மட்டும் சிரிக்கவில்லை. கல்யாணமாகி அத்தனை வருடத்தில் அந்த மனிதர் தன் பேச்சைக் கேட்டுக்கொண்டுதான் இருந்திருக்கிறார் என்று அப்போதுதான் தெரிந்தவர்போலப் பெரியப்பாவையே பார்த்துக்கொண்டு நின்றார்.

"டீ ஆறுது" என்றார் பெரியப்பா. எங்கள் வீட்டுப் போசியிலிருந்து ஊற்றிக்கொண்டார். அப்பா அவர்கள் வீட்டுப் போசியிலிருந்து ஊற்றிக்கொண்டு, ஒரு வாய் குடித்துவிட்டு, "அண்ணி, சக்கரை போட்டீங்களா உப்புப் போட்டீங்களா?" என்றார். அதுதான் சமாதானம்.

மறுநாள் அப்பா ரிக் லாரி வேண்டாம் என்று சொல்லத் திருச்செங்கோடு போனார். என்னையும் கூட்டிப்போனார். பிளாஸ்டிக் உறை என் மடியில் இருந்தது. லாரி அலுவலகத்தில் ஐந்து நிமிடம், கல்லூரியில் அரை நாள். மெக்கானிக்கல் கிடைத்தது.

அந்தச் சண்டையைத் தீர்த்ததற்காகப் பெரியம்மாவுக்கு அவர் வீட்டில் யாரும் மாலை போடவில்லை. அவருடைய ஓரகத்தி, சித்தப்பாவின் மனைவி, நெடுநாள் முகம் கொடுத்துப் பேசவில்லை. சொந்த வீட்டுக்குத் தண்ணீரைக் குறைத்துவிட்டாள் என்று உறவில் சொன்னார்கள். அப்படிச் சொன்னவர்களிடமும் அவர் அதே கேள்வியைத்தான் கேட்டார். சண்டை தீர்ந்த கதையையும் அடக்கமாகச் சொல்லும் வழக்கம் அவருக்கு இல்லை. ஒவ்வொரு முறை சொல்லும்போதும் மாமா தின்ற கடலைகளின் எண்ணிக்கை கூடிக்கொண்டே போனது. அந்த ஒரு விஷயத்தில் மட்டும் யாரும் அவரிடம் "எத்தனைல?" என்று கேட்கவில்லை.

கல்லூரி தொடங்கிய முதல் வாரம் பேருந்து நிறுத்தம் வரை அவர்தான் டிவிஎஸ்ஸில் கொண்டுவந்து விட்டார்.

"உங்க கிளாஸ்ல பொண்ணுங்க எத்தனை பேரு?"

"நாலு பேரு பெரிம்மா." அவர் கேட்பதற்குள் நானே சொன்னேன். "அறுபதுல."

"பதினஞ்சுக்கு ஒண்ணு." சாலையை எட்டிப் பார்த்தார். பேருந்து இன்னும் வரவில்லை. "நான் படிச்ச கிளாஸ்ல முப்பது பேரும் பொண்ணுங்கதான். வேலைக்குன்னு போனது ரெண்டு பேரு."

நான் மனதுக்குள் போட்டுப் பார்த்தேன். அவர் எனக்கு நேரம் கொடுத்தார்.

"சமம்" என்றேன்.

"ஆமா சாமி. இத்தனை வருசம் கழிச்சும் சமமாத்தான் நிக்குது" என்றார். அவ்வளவுதான். நீ அந்த ஒன்றாக இரு என்றோ, நான் அந்த இரண்டில் இல்லை என்றோ சொல்லவில்லை. பேருந்து வந்ததும், "தூக்குல புளிசோறு இருக்குது, உப்பு பார்த்துக்க" என்று சொல்லிவிட்டு வண்டியைத் திருப்பினார்.

இப்போது நான் திருச்செங்கோட்டில், ரிக் லாரிகளுக்கு உதிரிபாகம் செய்யும் ஒரு கம்பெனியில் வடிவமைப்புப் பிரிவில் இருக்கிறேன். எது வரக்கூடாது என்று பதினேழு வயதில் வேண்டிக்கொண்டேனோ, அதற்குத்தான் வரைபடம் போடுகிறேன். துளைபோடும் பிட்டுகள் எங்களிடம் இன்னும் அங்குலக் கணக்கில்தான். புதிதாக வருபவர்கள் பதினாறில் ஐந்து என்பதை எட்டில் மூன்றைவிடப் பெரிது என்று எடுத்து வருவார்கள். ஐந்தும் பெரிது, பதினாறும் பெரிது அல்லவா? "ரெண்டையும் பதினாறாக்கிட்டுப் பாருங்க" என்பேன். ஐந்தும் ஆறும் அப்போது அவர்களுக்கே தெரிந்துவிடும். எட்டில் மூன்று பிட்டைப் பெட்டியில் திருப்பி வைக்கும்போது எனக்கு எங்கள் பழைய முறை நினைவுக்கு வரும்.

பெரியப்பாவுக்கு முழங்கால் முடியாமல் போன பிறகு அவர்களுடைய மகன் பெரியப்பா, பெரியம்மா இருவரையும் ஓசூருக்குக் கூட்டிப்போய்விட்டான். அடுக்குமாடி வீடு. அங்கே கோடையில் தண்ணீர் லாரி வருகிறது. எந்த மாடிக்கு எவ்வளவு என்று கூட்டம் போட்டுச் சண்டை நடக்கிறதாம். "பெரிம்மா, நீங்க போறீங்களா கூட்டத்துக்கு?" என்று போனில் கேட்டேன்.

"எங்க தளத்துக்கு மூணு லாரின்னு பீத்திக்கறாங்க சாமி" என்றார். "ஒரே ஒரு கேள்விதான் கேட்டேன். இப்ப என்னைய யாரும் கூட்டத்துக்குக் கூப்புடறதில்லை."

கிணறு இருக்கிறது. இந்தக் கோடையில் தண்ணீர் கீழே போயிருக்கிறது, ஆனால் வற்றவில்லை. முறை ஐந்து நாள்தான். சித்தப்பா மூன்று நாள் தண்ணீர் கட்டுகிறார், அப்பா இரண்டு நாள் கட்டுகிறார். எங்கள் காட்டில் இன்றுவரை போர் போடவில்லை.